நீதிபதி சாட்சி சொன்ன நாள்

என் வீட்டுக்காரர் பேட்ரிக் கின்லாக், எடின்பரோ நீதிமன்றத்தின் பதினைந்து நீதிபதிகளில் ஒருவர். பதவி வந்ததும் ஊரே அவரைப் பிரபு என்றது. என்னை மட்டும் பழையபடி ஐசொபெல் என்றே கூப்பிட்டது. நீதிபதியின் பெண்டாட்டிக்குப் பட்டம் கிடையாதாம். நான் சும்மா விடுவேனா? "பிரபுவே, கஞ்சி ஆறுது" என்பேன். சிரித்துக்கொண்டே வருவார்.

எங்கள் மகள் கிரிசல் காய்ச்சலில் போன பிறகு அந்தச் சிரிப்பும் போயிற்று. ஞாயிறு வந்தால் கால்வலி என்று வீட்டிலேயே நின்றுவிடுவார். நான் தனியாகக் கோயிலுக்குப் போவேன். பிரசங்க நேரத்தில் தெருவில் நடமாடினாலே பிடித்துக்கொண்டு போகிற ஊர் இது. எனக்கு அவர்மேல் ஆத்திரமான ஆத்திரம். பிள்ளை போன துக்கம் எனக்கு மட்டும் இல்லையா என்ன?

அந்த வருஷம் எஃபி என்ற வேலைக்காரப் பெண் கைக்குழந்தையோடு வழக்குக்கு வந்தாள். சேணம் தைக்கும் நினியன் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதுக்கடையில், "இவதான் என் பொஞ்சாதி" என்று சொன்னானாம். சாட்சி முன்னால் அப்படிச் சொல்லிவிட்டால் எங்கள் சட்டப்படி கல்யாணம் ஆனதுதான். அவனோ இப்போது பணக்கார இடத்தில் பெண் பார்த்துவிட்டு, சொல்லவே இல்லை என்று சாதித்தான். பிரசங்க நேரத்தில் கடை திறந்ததற்கு அபராதம் விழுமே என்று கடைக்காரியும் கையை விரித்தாள். மூலையில் ஒரு கிழவர் முகத்தை மூடிக்கொண்டு இருந்தார் என்று எஃபி அழுததை யாரும் நம்பவில்லை.

அன்று நானும் வேடிக்கை பார்க்கப் போயிருந்தேன். குழந்தைக்கு அப்பன் இல்லை என்று ஆகப்போகிற நேரத்தில், நீதிபதிகள் வரிசையில் இருந்த என் வீட்டுக்காரர் எழுந்து கீழே இறங்கினார்.

"கின்லாக், எங்கய்யா கெளம்பிட்டீரு? சாப்பாட்டு நேரம் இன்னும் ஆகல" என்றார் தலைமை நீதிபதி.

"சாட்சி சொல்லப் போறேன். இவன் சொன்னான். அந்த மூலைக் கிழவன் நான்தான்."

மன்றமே கொல்லென்று சிரித்தது. சத்தியம் வாங்கியதும் நினியனின் வக்கீல் பிடித்துக்கொண்டான். "பிரசங்க நேரத்துல பிரபுவுக்குக் கடையில என்ன வேலை?"

இவர் தரையைப் பார்த்தபடி சொன்னார். "கோயில்ல எங்க பெஞ்சுல என் மக உக்கார்ற இடம் காலியா கெடக்கு. என்னால அதப் பாக்க முடியல. ஐசொபெல்கிட்ட சொன்னா அவ தாங்க மாட்டா."

சிரிப்பு நின்றுவிட்டது. எனக்குக் கண்ணீர் கண்ணை மறைத்தது. கால்வலிக்காரர் என்று இவரை என்னென்ன பேசியிருக்கிறேன்!

எஃபி ஜெயித்தாள். ஆனால் போதகர் விடவில்லை. பிரபுவானாலும் பாவி பாவிதான் என்று, குற்றம் செய்தவர்களைச் சபை முன்னால் ஏற்றும் முக்காலியில் அடுத்த ஞாயிறு இவரை ஏற்றிவிட்டார். அதற்கு நேர் எதிரே எங்கள் பெஞ்சு. இவர் தலையைத் தூக்கவே இல்லை.

மகள் போனதிலிருந்து நானும் அந்த இடத்தைத் தொட்டதில்லை. அன்று நகர்ந்துபோய் கிரிசல் இடத்தில் உட்கார்ந்தேன். வேண்டுமென்றே இருமினேன்.

அவர் நிமிர்ந்தார். பிரசங்கம் முடியும்வரை என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.