செங்கல் வீட்டுப் பலகை

சுவிட்சர்லாந்தின் நொஷாட்டலில் பழைய வீடுகளெல்லாம் மஞ்சள் கல். நான் துப்புரவு வேலை செய்யும் வீடு மட்டும் செங்கல். கழுதைகள் வைன் பீப்பாய் சுமந்து மலையேறிய பழைய பாதையோரம் நிற்கிறது. இலங்கையில் கோப்பித் தோட்டம் வைத்திருந்த வெள்ளைக்காரர் ஒருவர் ஊர் திரும்பிக் கட்டியது. அவர் எவ்வளவு பெரிய ஆள் என்பதை மாடிப்படி துடைத்த என் முதுகு சொல்லும். வாசலுக்கு மேலே அந்தத் தோட்டத்தின் பெயரைப் பொறித்து வைத்திருக்கிறார்.

என் அம்மா அதே தோட்டத்துக் கூலிகளின் லய வரிசையில் பிறந்தவர். அவருடைய முன்னோர் தமிழ்நாட்டிலிருந்து வந்து மன்னாரில் கப்பலிறங்கிக் காட்டு வழியே மலைக்கு நடந்தவர்கள். வழியில் செத்தவர்கள் போக மிச்சம்தான் நாங்கள். தமிழருக்கு எதிரான கலவரத்துக்குப் பிறகு வவுனியாவுக்கு வந்துவிட்டோம். யாழ்ப்பாணத்தவரான என் கணவருக்கு இது தெரியும். அவருடைய ஆட்களுக்குத் தெரியாது; தோட்டத்து ஆட்கள் என்றால் அவர்களுக்கு இளப்பம். இங்குள்ள எங்கள் சனம் பெயரைக் கேட்குமுன் "ஊரிலை எவடம்?" என்று கேட்கும். வவுனியா என்று சொல்லிச் சமாளித்து வந்தோம். மகளுக்கும் அவ்வளவுதான் தெரியும்.

போன வருடம் வீட்டைக் காட்சியகமாக்கினார்கள். பொறுப்பாக இருந்த பெண்மணி அந்தத் தோட்டத்தில் எடுத்த ஒரு பழைய படத்தை என்னிடம் நீட்டினார். கூடையோடு நிற்கும் பெண்கள். இவர்களின் வழிவந்தவர்கள் யாரையாவது தெரியுமா, தெரிந்தால் விளக்கப் பலகையில் பெயரோடு எழுதலாம் என்று பிரெஞ்சில் கேட்டார். அம்மா சொல்லித்தந்த முன்னோர் பெயர்கள் எனக்குப் பாடம். நாளைக்குச் சொல்கிறேன் என்றேன்.

வீட்டுக்கு வந்து கணவரிடம் சொன்னேன்.

"மகளுக்கு ஊஸ்டரிலை பாத்த சம்பந்தம் சரிவந்து நிக்கேக்க, தோட்டக்காட்டார் எண்டு நீயே எழுதிக் குடுக்கப் போறியோ? வேலியிலை போற ஓணானைப் பிடிச்சு மடியிலை விடாதை. பிள்ளையின்ரை வாழ்க்கையப்பா."

கத்தியிருந்தால் நானும் நாலு வார்த்தை திருப்பிக் கொடுத்திருப்பேன். அவர் கெஞ்சினார். மறுநாள் அந்தப் பெண்மணியிடம், யாரையும் தெரியாது என்றேன். அவர் நன்றி வேறு சொன்னார்.

கோடையில் மாப்பிள்ளை வீட்டார் எங்களிடம் வந்தார்கள். ஏரியைப் பார்த்துவிட்டு, மகள் ஆசைப்பட்டதால் செங்கல் வீட்டுக்கும் போனோம். புதுப் பலகையை அவளே படித்துத் தமிழில் சொன்னாள்.

"தோட்டத்திலை வேலை செய்த ஆக்களின்ரை பேர் ஒண்டும் தெரியாதாம்."

மாப்பிள்ளையின் தாய் கிட்டப் போய்ப் படத்தைப் பார்த்தார்.

"பாவங்கள். நல்லகாலம், எங்கடை ஆக்களில்லை. என்ன சம்பந்தி?"

"ஓம்" என்றேன்.

மகளும் தலையாட்டினாள்.