ஏசாவின் கூழுக்குப் பெருங்காயம் கேட்டவர்கள்

கேட்டரிங் தொழிலில் அடுப்புச் சூடு ஒரு வாரத்தில் பழகிவிடும். வாடிக்கையாளர்களின் வேதாகம அறிவுதான் கடைசிவரை பழகாது. உங்களில் யாராவது அடுத்தவர் பசிக்குச் சமைத்துப் பிழைக்கிறவர்களாக இருந்தால், இப்படிப் பக்கத்தில் வந்து உட்காருங்கள். நம் கஷ்டம் நமக்குத்தான் தெரியும்.

நான் வேலை பார்ப்பது அமெரிக்காவின் பார்சிப்பனி ஊரில், ஜெஸ்ஸி ஆன்ட்டியின் வாடகைச் சமையற்கூடத்தில். ஆர்டர் எடுப்பது, டிரே கட்டுவது, வேன் ஓட்டுவது, திட்டு வாங்குவது எல்லாம் என் இலாகா. ஐ.டி. வேலை போன பிறகு ஆன்ட்டி இதை ஆரம்பித்தார். நியூ ஜெர்சியில் தெருவுக்கு இரண்டு வீட்டில் பிரியாணி கேட்டரிங் நடப்பதால் வேறு மாதிரி யோசித்தார். வேதாகம காலத்து இஸ்ரவேலர் சாப்பிட்டதுதான் எங்கள் மெனு: பயற்றங்கூழ், வாற்கோதுமை அப்பம், வறுத்த பயறு, அத்திப்பழ அடை. அப்பம் என்றால் ஆப்பம் இல்லை. வேதத் தமிழில் ரொட்டிக்கு அதுதான் பெயர். யோசனை நல்ல யோசனைதான். சாப்பிட வந்தவர்கள் நம் ஜனம் என்பதுதான் கோளாறு.

இந்த மே மாதம் சமையற்கூடத்தின் லீஸ் முடிவதாக இருந்தது. அதற்குள் ஒரு நிலையான ஆர்டர் பிடிக்காவிட்டால் ஆன்ட்டி ஏப்ரனைக் கழற்றிவிட்டு மறுபடி ரெஸ்யூமே எழுதவேண்டும். நானும் சமையல் மாஸ்டரும் அவர் பின்னாலேயே வெளியே வரவேண்டியதுதான். இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

பிறப்புரிமையின் ருசி

ஏசாவின் கதை தெரிந்திருக்கும். வேட்டையிலிருந்து பசியோடு வந்தவன், மூத்த பிள்ளை என்ற உரிமையையே தம்பி யாக்கோபுக்கு ஒரு கிண்ணம் சிவந்த கூழுக்காக விற்றுவிட்டான். எங்கள் தாத்தா இதைச் சொல்லும்போது ஏசா எங்கள் சாயர்புரத்துக்காரன் மாதிரியே பேசுவான். "ஏலே யாக்கோபு, ஒரு கரண்டி ஊத்துலே, கண்ணு இருட்டிக்கிட்டு வருது" என்பான். கேட்கிற எங்களுக்கே வயிறு கடிக்கும். அந்தக் கூழை மசூர் பருப்பு, வெங்காயம், சீரகம், ஒலிவ எண்ணெய் என்று நாலே சாமானில் செய்து, வெஸ்ட் வின்ட்சரில் ஒரு வீட்டு விருந்துக்குக் கொண்டுபோனேன்.

வீட்டுக்கார ஆன்ட்டி ஒரு ஸ்பூன் எடுத்து வாயில் வைத்தார். மறு ஸ்பூன் எடுக்கவில்லை. நேரே அடுப்படிக்குப் போய்க் கடுகு, வற்றல் மிளகாய், கறிவேப்பிலை தாளித்து, நாலாயிரம் வருஷத்துக் கூழின் தலையில் கொட்டினார். அப்பளமும் பொரித்தாயிற்று. கூழ் என்று கொண்டுபோனது சாம்பாராக மேஜைக்கு வந்தது. போகும்போது என்னைக் கூப்பிட்டு, ரொம்ப வருத்தத்தோடு சொன்னார்: "இதுக்கா தம்பி அந்த மனுஷன் பிறப்புரிமையை வித்தான்? பெருங்காயம்கூடப் போடலியே!"

முகம் புஷ்டியாகும் உபவாசம்

ஜனவரி பிறந்தால் தானியேல் உபவாசம். பாபிலோன் அரண்மனையில் ராஜா அனுப்பிய இறைச்சியும் திராட்சரசமும் வேண்டாம் என்று தானியேல் பருப்பும் காய்கறியும் தண்ணீருமாக இருந்தானே, அதைப் பார்த்து மூன்று வாரம் இருப்பது. பிரிட்ஜ்வாட்டரிலிருந்து ஓர் அங்கிள் மூன்று வாரத்துக்கும் டிபன் சொன்னார். முதல் நாள் வேகவைத்த காய்கறி போயிற்று. மறுநாள் போன்: நெய்யும் பசும்புல்லிலிருந்துதானே வருகிறது, கொஞ்சம் ஊற்றினால் என்ன? நாலாம் நாள் முந்திரி சேர்ந்தது. இரண்டாம் வாரம் பன்னீர். மூன்றாம் வாரம் காய்கறியைத் தேடித்தான் எடுக்கவேண்டும், குருமாவுக்குள் எங்கோ கிடந்தது.

கடைசி நாள் டப்பாக்களைத் திரும்ப வாங்கப் போனேன். அங்கிள் வாசலுக்கே வந்தார், கன்னம் பளபளவென்றிருந்தது. உபவாசம் எப்படி இருந்தது என்று மரியாதைக்குக் கேட்டுவைத்தேன். கண் கலங்கி என் தோளைப் பிடித்துக்கொண்டார்: "தானியேலுக்கு முகம் புஷ்டியாச்சுன்னு வேதத்துல இருக்குல்ல? நான் நாலு பவுண்டு ஏறியிருக்கேன் தம்பி. வசனம் அப்படியே நிறைவேறிடிச்சு!"

மன்னாவும் ஜிப்லாக் பையும்

வனாந்தரத்தில் இஸ்ரவேலருக்கு வானத்திலிருந்து விழுந்த மன்னா கொத்தமல்லி விதை அளவு இருக்கும், தேன் பணியாரம்போல இனிக்கும். அன்றன்றைக்கு வேண்டியதை மட்டும் பொறுக்கவேண்டும். நாளைக்கு என்று பதுக்கினால் புழு வைத்து நாறிவிடும். இதைப் பிள்ளைகளுக்கு நடித்துக் காட்ட ஒரு சண்டே ஸ்கூல் ஆர்டர் கொடுத்தது. தேனும் கோதுமையும் சேர்த்துக் குட்டி உருண்டைகள் சுட்டுக் கொண்டுபோனேன். டீச்சர் ஏணியில் ஏறி மேலிருந்து தூவினார். பிள்ளைகள் ஆளுக்கு ஒரு பிடி எடுத்துத் தின்றுவிட்டு, "கேன் வீ கோ ப்ளே நௌ?" என்று ஓடிவிட்டார்கள். பிள்ளைகளுக்குப் பாடம் புரிந்துவிட்டது.

பெற்றோர்தான் மிச்சம். பேராசையைப் பற்றிய ஜெபம் முடிந்து ஆமென் சொன்ன வாய் மூடவில்லை, கைப்பைகளிலிருந்து ஜிப்லாக் பைகள் வெளியே வந்தன. தரையில் கிடந்ததையும் ஊதி ஊதிப் போட்டுக்கொண்டார்கள். மூன்று பை நிரப்பிய ஒரு அம்மா என்னிடம் வந்து ரகசியமாகக் கேட்டார்: "புழு வைக்காதில்ல? ப்ரீஸர்ல போட்டா எத்தனை நாள் வரும்?"

இறாலுக்குச் செதில் உண்டு

இனி ஸ்டீபன் அங்கிளைச் சொல்லவேண்டும். பெரிய சபை ஒன்றின் செயலாளர். ஈஸ்டருக்கு முந்திய பெரிய வியாழன் அன்று, எகிப்தை விட்டு இஸ்ரவேலர் புறப்பட்ட ராத்திரியில் சாப்பிட்ட மாதிரியே நூற்றிருபது பேருக்கு விருந்து வைக்க நினைத்தார். ஆட்டிறைச்சி, கசப்புக் கீரை, மாவைப் புளிக்கவைக்காமல் சுட்ட புளிப்பில்லாத அப்பம். அது நன்றாக நடந்தால் சபையின் வருஷம் முழுக்க வரும் விருந்துகளும் எங்களுக்கே என்றார். ஜெஸ்ஸி ஆன்ட்டி சிரிப்பதைப் பல மாதங்களுக்குப் பிறகு அன்றைக்குத்தான் பார்த்தேன்.

ருசி பார்க்க அங்கிள் நேரில் வந்தார். வந்ததும் வேதத்தின் சாப்பாட்டுப் பிரமாணம் பேசினார். பன்றி கூடாது, ரத்தம் கூடாது, "அப்பத்துல ஒரு துளி புளிப்பு இருந்துச்சுன்னு தெரிஞ்சா ஆர்டர் கேன்சல், ஆமா." பிறகு மெல்ல, ஸ்டார்ட்டருக்கு இறால் வறுவல் வைக்கலாமே என்றார். துடுப்பும் செதிலும் இல்லாத நீர்ப்பிராணியையும் அதே பிரமாணம்தான் விலக்குகிறது என்று என்னால் முடிந்த அளவு தாழ்ந்த குரலில் சொன்னேன். ஆன்ட்டி மேஜைக்கு அடியில் என் காலை மிதித்தார். அங்கிள் என்னை ஏற இறங்கப் பார்த்தார்: "செதில் இல்லாமத்தான் மணிக்கணக்கா உக்காந்து உரிக்கிறாங்களா?"

மாவு தூங்க வேண்டும்

எங்கள் மாஸ்டர் தூத்துக்குடியில் இருபது வருஷம் பரோட்டா போட்டவர். வேதம் அவருக்குத் தெரியாது, மாவு தெரியும். வியாழக்கிழமை காலையில் அவரிடம் தெளிவாகச் சொன்னேன்: "மாஸ்டர், ஈஸ்ட் மட்டும் போட்டுடாதீங்க." ஒரு பெரிய காரியத்தை இதைவிடக் குறைவாகச் சொல்ல முடியாது. அவரும் ஈஸ்ட் போடவில்லை. நான் கசப்புக் கீரை தேடிக் கடை கடையாக அலையப் போய்விட்டேன்.

நாலு மணிக்குத் திரும்பி வந்து டிரேயைத் திறந்தால் உள்ளே நூற்றிருபது தலையணை. தயிரும் சமையல் சோடாவும் ஒரு கை சர்க்கரையும் போட்டுப் பிசைந்து, ஈரத்துணி மூடி, அடுப்போரம் நாலு மணிநேரம் வைத்துச் சுட்டிருக்கிறார். ஊறப்போட நேரமில்லாமல் ஒரு ஜனமே ஓடிப்போனதன் நினைவாகச் சுடுகிற ரொட்டி அது. மாஸ்டர் என் முகத்தைப் பார்த்துக் குழம்பினார். "ஈஸ்ட்டு வேண்டாம்னீங்க, போடல. மாவு தூங்காம எப்படி தம்பி? கல்லு மாதிரி வருமே, மனுசன் திங்கவா அது?"

மறுபடி சுட நேரமில்லை. ஆன்ட்டியும் நானும் ஆளுக்கொரு தட்டை எடுத்து ஒவ்வொன்றாக அமுக்கினோம். அமுங்கியது, கையை எடுத்ததும் எழுந்தது. "ஞாயித்துக்கிழமை எழும்ப வேண்டியது வியாழக்கிழமையே எழும்புதே, ஆண்டவரே," என்றார் ஆன்ட்டி. சிரிக்கவில்லை. வேனில் போகும் வழியெல்லாம் மடியில் வைத்திருந்த டிரேயை அமுக்கிக்கொண்டே வந்தார்.

மண்டபத்தில் ஸ்டீபன் அங்கிள் மைக்கைப் பிடித்தார். "நம்ம பிதாக்களுக்கு மாவு புளிக்கக்கூட நேரமில்ல," என்று சொல்லிக்கொண்டே, புசுபுசுவென்று உப்பியிருந்த ரொட்டியை எல்லாரும் பார்க்க உயர்த்தினார். பிட்டார். ஆவி வந்தது. ஜனம் பயபக்தியோடு ஆமென் சொன்னது. கசப்புக் கீரை தட்டோரத்தில் ஒதுங்கியது. ஆட்டிறைச்சியில் காரம் இல்லை என்று யாரோ ஊறுகாய்ப் பாட்டிலை எடுத்தார்கள். ரொட்டி டிரேக்களோ மூன்றே சுற்றில் காலி.

எனக்கு மனசு கேட்கவில்லை. அங்கிளிடம் போய், "அங்கிள், ரொட்டியில சோடா கலந்திருக்கு," என்று சொல்லியே விட்டேன். இருபத்துமூன்று வருஷமாக எல்லாரும் குறை சொல்லும் என் மெல்லிய குரல், அந்த இரைச்சலில் அமுங்கிப்போய், ஆன்ட்டியின் லீஸைக் காப்பாற்றியது. நான் தண்ணீர் வேண்டுமா என்று கேட்பதாக நினைத்து அங்கிள் தலையாட்டிவிட்டு, கடைசித் துண்டால் குழம்பை வழித்து வாயில் போட்டபடி, என்னைத் தாண்டி ஆன்ட்டியைப் பார்த்துச் சொன்னார்: "போன வருஷம் கடையில வாங்கினோம் சிஸ்டர், அட்டையைக் கடிச்ச மாதிரி இருந்துச்சு. இதுதான் அசல் புளிப்பில்லாத அப்பம். வருஷம் பூரா நீங்கதான் பண்றீங்க!"

வேதகாலச் சாப்பாட்டை நம் ஜனம் உயிர் போனாலும் சாப்பிடாது என்பதும், அதன் பெயரை எழுதி ஒட்டிவிட்டால் எதையும் கண்மூடி ஜெபித்துவிட்டுச் சாப்பிடும் என்பதும்தான், இந்தத் தொழிலில் நான் கற்ற இரண்டு பிரமாணங்கள்; அதனால்தான் லீஸ் புதுப்பித்த கையோடு மாஸ்டருக்கு இன்னொரு மூட்டை சோடா வாங்கிக்கொடுத்தோம்.