வீடும் வூடும்

சின்ன மாமா பட்டணத்து வானொலியில் நாடகம் தயாரிக்கும் வேலைக்குப் போன பிறகுதான் அப்பா அவரை மறுபடியும் எங்கள் வாசற்படி ஏற விட்டார். அதற்கு முன்பு மாமா நாடகக் கம்பெனியோடு ஊர் ஊராகத் திரிந்தவர். "கூத்தாடிப் பயலுக்கு இங்க சோறு கெடையாது" என்று அப்பா கதவைச் சாத்திவிட்டார். தாய் தகப்பன் இல்லாத அந்தத் தம்பியை இடுப்பில் தூக்கி வளர்த்தவள் அம்மா. கதவுக்கு உள்ளே நின்று அழுதாளே தவிர, திறக்க அவளுக்குத் துணிவில்லை. இப்போதும் மாமா செய்வது நாடகம்தான். ஆனால் சம்பளம் சர்க்கார் சம்பளம். அப்பா நாற்காலியைத் துண்டால் துடைத்துப் போட்டார்.

அந்த வேலைக்கு ஒரு வார்த்தையால் ஆபத்து வந்தது. நடிகர் வராத நாட்களில் மாமாவே வேஷத்தைப் பேசிவிடுவார். அப்போது அவர் வாயில் வீடு வராது, எங்கள் ஊர் இண்டூரின் வூடுதான் வரும். இன்னொரு முறை இந்தக் கொச்சை காற்றில் போனால் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான் என்று மேலதிகாரி சொல்லிவிட்டாராம். ஐப்பசியில் ஊருக்கு வந்த மாமா, மார்கழியில் போடப்போகும் நாடகத்தைக் கையில் வைத்துக்கொண்டு "வீடு, வீடு" என்று நாள் முழுக்கச் சாதகம் பண்ணினார். வூடு என்று வந்துவிட்டால் நான் தலையில் ஒரு கொட்டு வைக்கலாம் என்று ஒப்பந்தம். மாமனைக் கொட்டும் பாக்கியம் எந்தப் பிள்ளைக்குக் கிடைக்கும்? ஊரைவிட்டுப் போன மகன் திரும்பி வந்து வாசலில் நின்று சொல்லும் கடைசி வசனம் எனக்கே மனப்பாடம் ஆகிவிட்டது: "அம்மா, கதவைத் திற. இது என் வீடு அல்லவா?"

மார்கழியில் அந்த நாடகம் வந்த அன்று சாயங்காலம், யுத்தச் செய்தி கேட்பதற்காகச் சாவடியில் வைத்திருந்த ரேடியோப் பெட்டியின் முன் ஊரே உட்கார்ந்திருந்தது. அந்தக் காலத்தில் நாடகத்தைப் பதிந்து வைத்துப் போடுவதில்லை; அங்கே பேசப் பேச இங்கே கேட்கும். மகனாகப் பேசியவர் பாதியில் இருமத் தொடங்கினார். இருமல் நிற்கவில்லை. பிறகு சத்தமே இல்லை.

"பேட்டரி தீந்துபோச்சுங்களா?" என்றார் ஒருவர்.

அம்மா என் கையை இறுக்கிப் பிடித்தாள். பெட்டியிலிருந்து மாமாவின் குரல் வந்தது.

வீடு வந்த இடமெல்லாம் சுத்தமாகச் சொன்னார். ஒவ்வொன்றுக்கும் எனக்கு மூச்சு நின்று வந்தது. அப்பாகூட மீசையை நீவிக்கொண்டார். கடைசி வசனத்துக்கு முன் மாமா கொஞ்சம் நிறுத்தினார்.

"அக்கா, கதவத் தொற. இது என் வூடு இல்லியா?"

சாவடியில் சீட்டி பறந்தது. "நம்மூருப் பேச்சுடா!" என்று கத்தினார்கள். அப்பா துண்டை உதறிக்கொண்டு எழுந்தார். "உந்தம்பி பொழப்பக் கெடுத்துக்கிட்டான். இனிமே நம்ம வாசல்ல வந்து நிக்கட்டும், பாத்துக்கறேன்."

மாமா மேல் எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. அம்மாவை அக்கா என்றது ஒரு தப்பு, வீட்டை வூடு என்றது இன்னொரு தப்பு. வந்ததும் இரண்டு கொட்டு என்று முடிவு செய்துகொண்டேன்.

வீட்டுக்கு வந்ததும் அம்மா அப்பாவுக்குச் சோறு போட்டாள்.

"கதவச் சாத்து, குளுருது" என்றார் அப்பா.

"தொறந்தே கெடக்கட்டும்" என்றாள் அம்மா.

அவள் அப்பாவை எதிர்த்துப் பேசி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. அப்பா பிசைந்த சோற்றோடு அப்படியே உட்கார்ந்திருந்தார். மார்கழிப் பனி தாராளமாக உள்ளே வந்தது. பட்டணத்திலிருந்து மாமா வந்து சேர ஒரு நாளாவது ஆகுமே, இன்றைக்கே எதற்குத் திறந்து வைக்கிறாள் இந்த அம்மா என்று முணுமுணுத்துக்கொண்டே நான் போர்வையை இழுத்து மூடிக்கொண்டேன்.