ஒடித்துப் போட்ட கூம்பு

பதினோராம் வகுப்புக்கு நான் தாவரவியல் டீச்சர். கூம்பு விடும் செடிகளுக்குப் பழம் கிடையாது, விதை எந்த மூடலும் இல்லாமல் வெட்டவெளியில் உட்கார்ந்திருக்கும் என்று வருஷா வருஷம் போர்டில் படம் போடுவேன். அப்படி உயிருள்ள ஒரு விதையைக் கையில் பிடித்ததில்லை. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பார்களே, என் பாடம் அந்தச் சுரைக்காய்தான்.

அதனால்தான், கம்பைநல்லூரில் எங்கள் வீட்டு கேட்டின் இருபுறமும் ஈச்சை மாதிரி இலை விரித்து நின்ற, கூம்பு விடும் இனமான சைகஸ் செடிகள் போன கோடையில் ஒன்றாகப் பருவத்துக்கு வந்தபோது எனக்குக் கால் தரையில் பாவவில்லை. இடப்பக்கம் நெட்டையாக ஒரு மஞ்சள் கூம்பு, ஆண். வலப்பக்கம் பழுப்பு ரோமம் போர்த்திய குட்டி இலைகள் கூடு கட்டியிருந்தன, பெண். இரண்டும் ஒரே சமயத்தில் வருவது லேசில் நடக்காது. இந்தத் தடவை விதையைப் பார்த்தே தீருவேன் என்று இருந்தேன்.

பென்னாகரத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டுச் சாயங்காலம் வந்தால், இடப்பக்கச் செடி மொட்டையாக நிற்கிறது.

"ஏங்க, கூம்பு எங்கங்க?"

"ஒடிச்சுட்டேன். மொதப் பூவ வுட்டா கன்னு தெம்பில்லாம போயிடும்" என்றார் வீட்டுக்காரர், பெருமையாக.

எங்களுக்கு மாந்தோப்பு. ஒட்டு மாங்கன்று சின்னதாக இருக்கும்போதே பூத்தால் கிள்ளி எறிந்துவிடுவது வழக்கம். அந்த நியாயத்தை மனுஷன் சைகஸுக்கும் நீட்டிவிட்டார்! எனக்கு வந்ததே கோபம். அடுத்து வலப்பக்கம் போக இருந்தாராம்.

குப்பைமேட்டில் கிடந்த கூம்பைத் தூக்கினேன். கல்யாணப் புடவை முழுக்க மஞ்சள் தூள். மகரந்தம்! உதிரும் பருவத்தில்தான் ஒடித்திருக்கிறார். சந்தோஷத்தில் அங்கேயே கத்திவிட்டேன்.

நியூஸ்பேப்பரில் தட்டி எடுத்து, பவுடர் பஃபால் பெண் செடிக்குத் தூவினேன். ஊசி இலைகளை விலக்கிப் பிடிக்கும் வேலை அவருக்கு. கையெல்லாம் கீறல். படட்டும் என்றிருந்தது.

"இனிமே என்னாகும்?"

"உள்ள ஆண் அணு நீந்திப் போயி முட்டையைச் சேரணுங்க."

"தண்ணிக்கே வழியில்லாத ஊர்ல நீச்சலா!"

சிரிக்கக் கூடாது என்றிருந்தேன். முடியவில்லை.

பொங்கல் சமயத்தில் இலைக்கூட்டை விலக்கினால், ஓரங்களில் ஆரஞ்சு நிற விதைகள், ஒட்டிவைத்தது போல, மறைவே இல்லாமல்! ஆனாலும் பயம். கரு இல்லாத விதைகூட இப்படிப் பருத்து ஏமாற்றும். பெரும்பாலும் பொக்கு மிதக்கும், நல்லது முங்கும். தோலை உரித்து ஒவ்வொன்றாக பக்கெட் தண்ணீரில் போட்டேன். முதல் விதை மிதந்தது. அடுத்ததும் மிதந்தது. மூன்றாவது நேராக அடிக்குப் போய் உட்கார்ந்தது. கையை விட்டு எடுத்து அப்படியே வைத்துக்கொண்டிருந்தேன். அழுகை வந்துவிட்டது.

அவர் எட்டிப் பார்த்தார். "இது ஆணா, பொண்ணா?"

"கூம்பு வுட்டாத்தாங்க தெரியும். பத்துப் பதினஞ்சு வருஷம் ஆவும்."

எங்கள் இருவருக்கும் ஐம்பது தாண்டிவிட்டது.

"இருந்து பாத்துடலாம்" என்று சொல்லிவிட்டு, விதை ஊன்ற நாற்றுப் பைக்கு மண் அள்ளப் போனார்.