அண்ணன் வலியைச் சொன்ன நாள்

எங்கள் அண்ணன் எங்களை விட்டுப் பிரிந்து ஓர் ஆண்டு ஆகிறது. அவர் படத்துக்கு முன்னால் விளக்கேற்ற வந்திருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் தங்கை நான் வணக்கம் சொல்லி இதை எழுதுகிறேன். அண்ணிதான் என்னை எழுதச் சொன்னார். "இந்த ஊட்லயே நீதான் வாயாடி. நீயே எய்து" என்று பேனாவைக் கையில் கொடுத்துவிட்டுப் போனார். பிறகு என்ன பேச்சு?

அண்ணன் பிறந்தது ஆரம்பாக்கத்தை ஒட்டிய சிற்றூரில். எங்கள் நைனாவும் அம்மாவும் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டும் களை பறித்தும் எங்களை வளர்த்தார்கள். அண்ணன் பள்ளியை முடித்த கையோடு நைனா தவறிவிட்டார். கும்மிடிப்பூண்டியில் கம்பெனி வேலைக்குப் போகச் சொல்லி ஊரே புத்தி சொன்னது. அண்ணன் யார் பேச்சையும் கேட்காமல் ராணுவ ஆளெடுப்புக்குப் போய், தேர்வாகி வந்து நின்றார். அம்மா மூன்று வேளை அடுப்பு மூட்டவில்லை. அண்ணன் அனுப்பிய முதல் சம்பளத்தில் கூரை ஓடானபோதுதான் சிரித்தார்.

அண்ணனுக்குத் திருமணமாகி மகள் பிறந்த பிறகு அந்த விபத்து நடந்தது. பனிமலைப் பாதையில் உணவுப் பொருள் ஏற்றிச் சென்ற ராணுவ வண்டி மண்சரிவில் உருண்டது. அண்ணனின் இடுப்பெலும்பும் வலது முழங்காலும் நொறுங்கிப்போயின. மாதக்கணக்கில் மருத்துவமனையில் கிடந்தார். உள்ளே தகடு வைத்துத் தைத்து, இனிப் பணிக்கு ஆகாது என்று வீட்டுக்கு அனுப்பினார்கள்.

அரசு அவரைக் கைவிடவில்லை. பணியின்போது ஏற்பட்ட ஊனம் என்று மருத்துவக் குழு எழுதியதால் ஓய்வூதியத்தோடு ஊனத்துக்கான தொகையும் வந்தது. குடும்பத்துக்கே மருத்துவ அட்டை கிடைத்தது. மகள் படிப்புக்கும் உதவி வந்தது. ஒரே ஒரு நிபந்தனை, சில ஆண்டுகள் கழித்து மறுபடி வந்து உடம்பைக் காட்ட வேண்டும். ஊனத்தின் அளவு குறிப்பிட்ட விழுக்காட்டுக்குக் கீழே இறங்கினால் அதற்கான தொகை நின்றுவிடும்.

அந்த நாளும் வந்தது. அண்ணன் என்ன செய்தார் தெரியுமா? சட்டைக்குக் கஞ்சி போட்டுத் தேய்த்தார். முகம் தெரிய ஷூவுக்குப் பாலிஷ் போட்டார். கைத்தடியை வீட்டிலேயே வைத்துவிட்டு, மருத்துவக் குழுவின் முன் விறைப்பாக நின்று சல்யூட் அடித்தார். எப்படி இருக்கிறாய் என்று கேட்டிருக்கிறார்கள். "நல்லா இருக்கேன், சார்!" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டார். அவர்கள் மேல் என்ன குறை? கண்ணால் பார்த்ததை, காதால் கேட்டதை எழுதினார்கள். தொகை நின்றது.

மகள் அப்போது நர்சிங் படிப்பில் சேர்ந்திருந்தாள். அண்ணி வெடித்தார். "இன்னா மனுசன்யா நீ! ரெண்டு வார்த்தை வலிக்குதுன்னு சொன்னா வாயில இருக்கற முத்து கொட்டிடுமா?"

"பெரிய ஆபீசர் முன்னாடி அழுதுகினு நிக்கச் சொல்றியா?" என்றார் அண்ணன். அதோடு பேச்சு முடிந்தது.

அப்போது அவர் தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனி வாசலில் காவலராக இருந்தார். எட்டு மணி நேரமும் நின்றபடியே வேலை பார்ப்பார். போட்ட நாற்காலி போட்டபடி கிடக்கும். உட்காராத காவலர் என்று கம்பெனியில் அவருக்குச் சால்வைகூடப் போர்த்தினார்கள். நாங்களும் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தோம்.

திருவள்ளூரில் முன்னாள் படைவீரர் நல அலுவலகத்தில் ஓர் அம்மையார், தொகை நின்றதை எதிர்த்து எங்கள் மேல்முறையீட்டை எழுதிக் கொடுத்தார். "நீங்க சொல்லாம அவங்களுக்கு எப்படி சார் தெரியும்?" என்று அண்ணனிடம் பொறுமையாகக் கேட்டார். மறுபரிசோதனைக்குச் சென்னைக்கு வரச்சொல்லி ஓலை வந்ததும் அண்ணி பெரியபாளையத்தம்மனுக்கு வேண்டிக்கொண்டார். கொஞ்சம் நொண்டி நடந்தால் என்ன என்று நான் கேட்டேன். "டிராமா போட மாட்டேன்" என்றார். அன்று காலையும் ஷூவுக்குப் பாலிஷ் போட்டார். சரிதான், இந்தத் தடவையும் போச்சு என்று நினைத்துக்கொண்டேன்.

ராணுவ மருத்துவமனையில் அண்ணனை உள்ளே அழைத்தார்கள். நானும் அண்ணியும் தாழ்வாரத்தில் உட்கார்ந்திருந்தோம். கொஞ்ச நேரத்தில் மூடிய கதவுக்குள்ளிருந்து அண்ணனின் குரல் கேட்டது. அணிவகுப்பில் கூவுகிற குரல். இந்தியில் ஒவ்வொரு வரியாகச் சொல்லி, ஒவ்வொரு வரியையும் "சாப்!" என்று முடித்தார். எங்களுக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. வாசலில் நின்ற சிப்பாய் தெற்கத்திப் பிள்ளை. "இன்னா தம்பி சொல்றாரு?" என்று அண்ணி பதறினார்.

அந்தப் பிள்ளை தாழ்ந்த குரலில் சொன்னார். "வலியைச் சொல்லுதாரும்மா. இடுப்புல ராவும் பகலும் வலி இருக்காம். மாத்திரைய வீட்டுக்குத் தெரியாம முழுங்குதாராம். நாற்காலில உக்காந்தா யாராவது கை குடுக்காம எந்திரிக்க முடியாதாம். அதனால டூட்டில உக்காருததே இல்லையாம்."

அண்ணி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். காலையில் கட்டிலிலிருந்து எழத் தினமும் கை கொடுத்தவர் அவர்தான். "காலைல மட்டும் பிடிச்சிக்குது" என்று அவரிடம் சொல்லிவைத்திருந்தார் அண்ணன். சால்வை போர்த்திய அன்றும் மேடையில் நின்றுகொண்டுதானே இருந்தார்! உள்ளே அந்தக் குரல் நடுங்கவில்லை, கெஞ்சவில்லை. எல்லையில் கண்டதை மேலதிகாரியிடம் சொல்கிற காவல்வீரர்போலத் தன் உடம்பைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார். இப்படி ஒரு மனிதரோடு கூடப்பிறந்தேனா என்று மலைத்துப்போய் உட்கார்ந்திருந்தேன்.

வெளியே வந்தவரிடம் அண்ணி கேட்டார். "என்கிட்ட சொல்லாதத உள்ள இருந்த ஆபீசர்கிட்ட எப்படி சொன்னே?"

"போன வாட்டி எப்படி இருக்கேன்னு கேட்டாங்க. மரியாதைக்குக் கேக்கறாங்கன்னு நல்லா இருக்கேன்னேன். இவரு அப்படிக் கேக்கல. உன் உடம்பைப் பத்தி ரிப்போர்ட் குடுன்னு ஆர்டர் போட்டாரு. ஆர்டர் போட்டா பொய் சொல்ல முடியுமா?"

எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. ஊனத்தின் அளவை உயர்த்தி, ஆயுள் முழுவதற்கும் உறுதிசெய்து தகவல் வந்தது. மகள் படித்து முடித்து இன்று மருத்துவமனையில் வேலை பார்க்கிறாள்.

அதன் பிறகு இதுவே அண்ணனின் வேலையாகிவிட்டது. வாரவிடுமுறையில் மின்சார ரயிலேறி, பொன்னேரி வரை ஊர் ஊராகப் போய் முன்னாள் படைவீரர்களைப் பார்ப்பார். காது கேட்காதவர், விரலில்லாதவர், கணவரை இழந்தவர் என்று எத்தனையோ பேர் தமக்கு என்ன உண்டு என்றே தெரியாமல் இருந்தார்கள். மருத்துவக் குழுவுக்குப் போகிறவர்களுக்கு டீக்கடையில் நிறுத்திப் பயிற்சி கொடுப்பார். மீசையை முறுக்கிவிட்டுத் திரியும் ஓய்வுபெற்ற ஹவில்தார் ஒருவர் "முதுகு வலிக்குது" என்று சொல்ல வெட்கப்பட்டு நெளிவதை நானே பார்த்திருக்கிறேன். "காதுல வுழல. சத்தமா ரிப்போர்ட் பண்ணு!" என்று அதட்டுவார் அண்ணன். கடையே சிரிக்கும். ஹவில்தாரும் சிரித்துவிட்டு, பிறகு கண்ணைத் துடைத்துக்கொள்வார்.

வீட்டுக்குத் தெரியாமல் விழுங்கிய மாத்திரைகளால் அண்ணனின் சிறுநீரகம் பழுதானபோது, அந்த மருத்துவ அட்டைதான் கடைசிவரை கைகொடுத்தது. இனிச் செய்ய ஒன்றுமில்லை என்று வீட்டுக்கு அனுப்பிய மறுநாள், தரையில் எங்களோடு உட்கார்ந்து சாப்பிட வேண்டும் என்றார். விபத்துக்குப் பிறகு அவர் தரையில் உட்கார்ந்து யாரும் பார்த்ததில்லை. அவரோடு வேலை பார்த்த காவலர்கள் நால்வர் அவரைத் தாங்கி மெல்லக் கீழே உட்காரவைத்தார்கள். அண்ணி கருவாட்டுக் குழம்பு ஊற்றிப் பிசைந்து கொடுக்க, ரசித்துச் சாப்பிட்டார். எழுப்பிவிடட்டுமா என்று அவர்கள் கேட்டபோது, "இருங்கப்பா. இனிமே எழுந்து இன்னா பண்ணப் போறேன்? கொஞ்ச நேரம் உக்காந்துக்கினு இருக்கேன்" என்றார். அண்ணி தோளில் சாய்ந்துகொண்டார். அந்த வாரமே எங்களை விட்டுப் போனார்.

அண்ணனை உட்காரவைத்த அந்த நான்கு பேருக்கும், கடைசிவரை கவனித்துக்கொண்ட மருத்துவர்களுக்கும் செவிலியர்களுக்கும், திருவள்ளூர் அம்மையாருக்கும், கதவருகே நின்ற பெயர் தெரியாத அந்தச் சிப்பாய்க்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. வந்திருக்கும் உங்கள் அனைவருக்கும் நன்றி. சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும்.

ஒரே ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டில் யாராவது, எப்படி இருக்கிறாய் என்று கேட்டால் உடனே நல்லா இருக்கேன் என்று சொல்பவராக இருந்தால், அதோடு விட்டுவிடாதீர்கள். இன்னொரு முறை கேளுங்கள். நாங்கள் கேட்காமல் விட்டுவிட்டோம்.