துப்பாமல் குடித்த வைன்

நயாகராவைக் காட்டாமல் ரொறன்ரோத் தமிழர் எந்த விருந்தாளியையும் திருப்பி அனுப்பியதில்லை. வந்து இறங்கிய இரண்டாவது சனிக்கிழமைக்குள் நீர்வீழ்ச்சிக்கு முன்னால் நிறுத்தி ஒரு படமாவது எடுத்தாக வேண்டும். எண்பத்தேழாம் ஆண்டு ஐப்பசியில் என் கணவரின் தமையனும் அவர் மனைவியும் லண்டனிலிருந்து வந்தார்கள். நாங்களும் அந்தக் கடமையைச் செய்யப் புறப்பட்டோம். ஆனால் டோர்செட் பார்க் அபார்ட்மென்ரின் கீழ்த்தளத்தில் காரில் ஏறும்போது எனக்கு நீர்வீழ்ச்சியின் நினைப்பே இல்லை. கணவரின் விரலில் சாவி வளையத்தோடு ஆடிக்கொண்டிருந்த கார்த் திறப்பையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

திங்கட்கிழமை எனக்குப் புது வேலை தொடங்க இருந்தது. ஸ்டீல்ஸ் வீதிக்கு வடக்கே ஒரு பெயின்ற் தொழிற்சாலை; அதன் பரிசோதனைக் கூடத்தில் உதவியாளர். ஊரில் இரசாயனவியலில் பட்டம் எடுத்து, பள்ளிக்கூடத்தில் படிப்பித்துவிட்டு, இங்கே வந்து மூன்று வருடம் பிஸ்கற் பெட்டிகளுக்கு லேபல் ஒட்டியவள் நான். வேலைக் கடிதம் வந்த அன்று குளியலறைக் கதவைப் பூட்டிக்கொண்டு அழுதேன். வேலை காலை ஆறரைக்குத் தொடங்கும். அந்தப் பக்கம் போகும் முதல் பஸ்ஸோ ஏழு மணிக்குப் பிறகுதான் வரும். அங்கே போக ஹைவேயில் ஏற வேண்டும்; கார் இல்லையென்றால் வேலையும் இல்லை.

காருக்குத் தட்டுப்பாடும் இருக்கவில்லை. கணவரின் வேலைத்தலத்துக்கு வீட்டு வாசலிலிருந்தே பஸ் போனது. ஆகவே கிழமை நாட்களில் கார் கீழே சும்மா கிடந்தது. என்னிடம் லைசென்சும் இருந்தது. இரண்டு தரம் பெயிலாகி, மூன்றாம் தரம் பாஸாகி நாலு மாதம் ஆகியிருந்தது. எடுத்தென்ன? மனிதர் மசியவில்லை.

"பிளாசாவுக்கு ஓடுறது வேற, ஹைவே வேற. ஹைவேயில நீர் ஒரு நாளும் ஓடேல்ல."

"ஓட விட்டால்தானே ஓடலாம்."

"முதல்ல நல்லாப் பழகும். பிறகு பாப்பம்."

இந்தப் 'பிறகு பாப்பம்' என்பதை நாலு மாதமாகக் கேட்டுக்கொண்டிருந்தேன். அவர் கெட்டவர் இல்லை. எனக்குக் காய்ச்சல் என்றால் தானே கஞ்சி வைத்துத் தருவார். கார் விஷயத்தில் மட்டும் வேறு ஆளாகிவிடுவார். பிளாசாவுக்குப் போய் வந்தால், நான் முன்னுக்கு இழுத்த சீற்றை அவர் வைத்த இடத்துக்கே திரும்பத் தள்ளிவிட வேண்டும். ஒருநாள் மறந்துபோனேன். "ஆர் என்ர சீற்றை அசைச்சது?" என்று, வீட்டில் பத்துப்பேர் இருப்பதுபோலக் கேட்டார். இருந்தது நாங்கள் இரண்டுபேர்.

நீர்வீழ்ச்சியைப் பார்த்தோம், நனைந்தோம், படம் எடுத்தோம், மர வாங்கில் உட்கார்ந்து, நான் சுட்டுக்கொண்டு போன மீன் றோல்ஸைச் சாப்பிட்டோம். திரும்பும் வழியில் இரண்டு பக்கமும் முந்திரிகைத் தோட்டங்கள். கம்பியில் கட்டிய திராட்சைக் கொடிகள் வரிசை வரிசையாக ஏரிப் பக்கம் வரைக்கும் போயின. ஓரிடத்தில், நூறு வருடத்துக்கு மேற்பட்ட வைன் சாலை, சுற்றிப் பார்க்கலாம், ருசி பார்க்கலாம், இலவசம் என்று பலகை வைத்திருந்தார்கள்.

"தம்பி, நிப்பாட்டு. சும்மா தாறாங்களாம்," என்றார் கணவரின் தமையன், என் அத்தான்.

கணவர் நிறுத்தினார். என்னிடம் கேட்கவில்லை. கேட்டிருந்தால் வேண்டாம் என்றுதான் சொல்லியிருப்பேன்.

எங்களைச் சுற்றிக் காட்டிய பெண்ணுக்கு ஐம்பது வயதிருக்கும். முழங்கால் வரைக்கும் றப்பர் சப்பாத்துப் போட்டிருந்தாள். முக்கால் மணி நேரச் சுற்று என்றாள். பழம் கொட்டும் தொட்டி, பிழியும் இயந்திரம், ஆளைவிட உயரமான எஃகுத் தாங்கிகள் என்று ஒவ்வொன்றாகக் காட்டினாள். அத்தானும் என் கணவரும் பின்னால் நின்று, லண்டனில் பெற்றோல் என்ன விலை, கனடாவில் என்ன விலை என்று கதைத்தார்கள். அத்தானின் மனைவியை நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். அவ ஈரத்தில் சேலை பட்டுவிடும் என்று அதைத் தூக்கிப் பிடிப்பதிலேயே இருந்தா. நான் முன்னால் போய்விட்டேன். அந்த மணம் எனக்குப் பழக்கமான மணம். ஈஸ்ற்றும் சீனியும் சேர்ந்து பொங்குகிற மணம். எத்தனை வகுப்புகளுக்கு அதைச் செய்து காட்டியிருப்பேன்.

பொங்குவது எப்போது நிற்கும், சீனி முடிந்தா அல்லது அல்ககோல் கூடி ஈஸ்ற் செத்தா என்று அவளிடம் கேட்டேன். அவள் சட்டென்று நின்று என்னைத் திரும்பிப் பார்த்தாள். இரண்டு விதமாகவும் நிற்கும், அதை அளந்துதான் அறிவோம் என்றாள். தட்டிலிருந்து நீளமான கண்ணாடிச் சாடியொன்றை எடுத்து, தாங்கியிலிருந்து வைனை நிரப்பி, அடர்த்தி காட்டும் நீர்மமானியை உள்ளே விட்டு, வாசித்துச் சொல் என்று என்னிடம் நீட்டினாள். மூன்று வருடத்துக்குப் பிறகு நான் தொட்ட முதல் நீர்மமானி அது. சாடியைப் பக்கத்து மேசையில் வைத்துக் குனிந்து, மேற்பரப்புக்குச் சரியாகக் கண்ணைக் கொண்டுபோய் வாசித்தேன். சரி என்றாள். எங்கே வேலை செய்கிறாய் என்று கேட்டாள்.

"பெயின்ற் லாப் ஒன்றில்," என்று ஆங்கிலத்தில் சொன்னேன். திங்கட்கிழமையிலிருந்து என்று சொல்லவில்லை. எது நடந்தாலும் சரி, திங்கட்கிழமை நான் போகத்தான் போகிறேன் என்று அந்த இடத்தில் முடிவெடுத்தேன்.

நிலவறையில் மரப் பீப்பாய்களைப் பார்த்துவிட்டு மேலே வந்தோம். நீட்டுப் பலகை மேசையில் எட்டுப் போத்தல் வரிசையாக நின்றது. நான் குடிப்பதில்லை என்று அவளிடம் மெல்லச் சொன்னேன். அதற்கென்ன, என்று மேசை ஓரத்தில் இருந்த தகர வாளியைக் காட்டினாள். வேண்டாததை அதற்குள் ஊற்றலாம், குடிக்கிறவர்கள்கூட ருசி பார்த்துவிட்டு அதற்குள் துப்புவார்கள், காரில் போகிறவர்கள் எல்லாரும் அப்படித்தான் என்றாள். மற்ற மூன்றுபேரும் அப்போதுதான் படியேறி வந்தார்கள். அவர்களுக்கு இது கேட்கவில்லை.

முதல் வைனை ஆளுக்கொரு சின்னக் கிளாஸில் ஊற்றினாள். அக்கா தன்னுடையதைத் தொடாமலே அத்தானின் பக்கம் தள்ளினா. எங்கள் ஆட்களின் பழக்கம் அது. தந்ததை வேண்டாம் என்று சொல்வதும் மரியாதை இல்லை, கொட்டுவதும் மரியாதை இல்லை. மனைவி வேண்டாம் என்றால் அவளுடைய பங்கு புருஷனுக்கு. கலியாண வீட்டு ஐஸ்கிறீமிலிருந்து எல்லாவற்றுக்கும் அதுதான் ஒழுங்கு. நானும் யோசிக்காமல் என்னுடையதைக் கணவரின் பக்கம் தள்ளினேன். இரண்டையும் ஒரே மூச்சில் முடித்தார்.

"உது பழச்சாறு. விஸ்கி குடிக்கிறவனுக்கு உது ஏறுமே?"

"தேத்தண்ணி மாதிரித்தான் கிடக்கு," என்றார் அத்தான்.

இரண்டாவது வைனும் அப்படியே போயிற்று. மூன்றாவது ஊற்றும்போது கணவர் என் பக்கம் சரிந்து கேட்டார்.

"உந்த வாளி என்னத்துக்கு?"

"கிளாஸ் கழுவின தண்ணி ஊத்துறதுக்கு," என்றேன்.

ஏன் அப்படிச் சொன்னேன் என்று பல தரம் என்னையே கேட்டிருக்கிறேன். திட்டம் போட்டுச் சொன்னதில்லை, வாய் முந்திவிட்டது. ஆனால் சொன்ன கணமே அந்தத் திறப்பு அவருடைய பொக்கற்றிலிருந்து என் கைக்கு வரும் வழி எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. நான் திருத்திச் சொல்லவில்லை. மிச்ச ஆறு கிளாஸையும் நானே சிரித்துக்கொண்டு அவர் பக்கம் தள்ளினேன். அது பிழை. அவர் அடம்பிடித்து ஓடியிருந்தால் நாலு உயிர்.

வெளியே வந்தபோது வெயில் சாய்ந்திருந்தது. கணவரின் முகம் சிவந்து, நடையில் ஒரு தனி மிடுக்கு வந்திருந்தது. பொக்கற்றிலிருந்து திறப்பை எடுத்தார். நான் போய் டிரைவர் பக்கக் கதவில் முதுகைச் சாய்த்துக்கொண்டு நின்றேன்.

"நான் ஓடுறன்," என்றேன்.

"என்ன விளையாட்டு? தள்ளும்."

"விளையாட்டில்லை. பதினாறு கிளாஸ். எல்லாத்தையும் சேர்த்தால் ஏறக்குறைய ஒரு முழுப் போத்தல். நூற்றுக்குப் பன்னிரண்டு வீதம் அல்ககோல். உங்கட நிறைக்கு அது இறங்க விடிஞ்சிடும். பொலிஸ் மறிச்சு ஊதச் சொன்னால் லைசென்ஸ் போயிடும்."

"எனக்கு ஒண்டும் செய்யேல்ல."

"அப்பிடித்தான் இருக்கும். அதுதான் அல்ககோலின்ர வேலை."

அத்தான் நடுவில் வந்தார். "பிள்ளை, நீர் கரைச்சல்படாதையும். தம்பி, நான் ஓடட்டே?"

"அத்தான், நீங்களும் பதினாறு. அதோட லண்டனில இடப்பக்கம் ஓடுறனீங்கள்."

அத்தான் தன் கையை ஒருதரம் பார்த்துவிட்டுப் பின்சீற்றில் ஏறிக்கொண்டார். கணவர் குரலைத் தாழ்த்தினார்.

"சனம் பாக்குது. மானத்தை வாங்காதையும்."

"பாக்கட்டும். நான் நாளைக்கு விடியுமட்டும் இதில நிப்பன்."

நிற்பேன் என்று அவருக்குத் தெரியும். கொஞ்ச நேரம் கொடிகளைப் பார்த்தார். பிறகு திறப்பை என் கையில் தராமல் பொனற்றில் வைத்துவிட்டு மற்றப் பக்கம் போனார். எப்படித் தந்தால் எனக்கென்ன? எடுத்துக்கொண்டேன். சீற்றை முன்னுக்கு இழுத்தேன். கண்ணாடிகளைத் திருப்பினேன். ஸ்ரார்ட் பண்ணினேன்.

ஹைவேயில் ஏறும் வளைவில்தான் சீவன் போனது. பின்னால் ஒரு லொறிக்காரன் ஓயாமல் ஹோர்ன் அடித்தான். கணவர் தன் பக்கத்தில் இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டிருந்தார்.

"இப்ப ஏத்தும். இல்லை, பொறும். அவனை விடும். இப்ப, இப்ப."

"நீங்கள் பேசாமல் இருங்கோ. எனக்குத் தெரியும்."

தெரியாது. ஆனாலும் அழுத்தினேன், கார் சேர்ந்துகொண்டது. ஹமில்ரன் கிட்ட அந்த உயரப் பாலத்தில் காற்று காரைப் பக்கவாட்டில் தள்ளியது. ஸ்ரியரிங்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, முன்னால் போன மஞ்சள் வானின் பின்விளக்கை மட்டும் பார்த்தேன். பாலம் இறங்கியதும் பக்கத்தில் சத்தம் இல்லை. கோபித்துக்கொண்டார் என்று நினைத்தேன். திரும்பிப் பார்த்தால் வாயைத் திறந்துகொண்டு நல்ல நித்திரை. பின்சீற்றில் அத்தானும் அப்படித்தான்.

அதற்குப் பிறகு எனக்கு வந்த சந்தோசத்தை என்னவென்று சொல்ல. நடு லேனில் அளவான வேகத்தில் போனேன். இரண்டு தரம் லேன் மாறினேன், ஒரு தரம் தேவையே இல்லாமல். அக்கா பின்னாலிருந்து எட்டி ஒரு றோல்ஸை நீட்டி, "சாப்பிட்டுச் சாப்பிட்டு ஓடும், களைச்சுப்போவீர்," என்றா. கையை எடுக்கப் பயம், வாயில் வாங்கிக்கொண்டேன்.

கென்னடி வீதியில் இறங்கி, எங்கள் கட்டிடத்தின் கீழ்த்தளத்துக்குப் போய், இரண்டு தூணுக்கு நடுவே ஒரே முயற்சியில் நிறுத்தினேன். எஞ்சின் நின்ற பிறகுதான் அவர் விழித்தார்.

"எங்க நிக்கிறம்?"

"வீட்டை வந்திட்டம்."

அத்தானும் அக்காவும் பைகளைத் தூக்கிக்கொண்டு லிப்ற் பக்கம் போனார்கள். அவர் இறங்கி, காரை முழுக்க ஒருதரம் சுற்றி வந்தார். கீறல் தேடினார். இல்லை.

"திறப்பைத் தாரும்," என்று கையை நீட்டினார்.

நான் அதைக் கைப்பைக்குள் போட்டுச் சிப்பை இழுத்தேன். "திங்கக்கிழமை எனக்கு வேணும். அதுவரைக்கும் என்னட்டை இருக்கட்டும்."

"நீர் ஹைவேயில எப்பிடி ஓடினனீர் எண்டு நான் எங்க பாத்தனான்? நான் நித்திரையெல்லே."

"ஓம். நித்திரை கொண்டனீங்கள்தானே. நான் ஓட ஓட நித்திரை கொண்டனீங்கள். அது காணும், வேற சாட்சி வேண்டாம்."

வாளி விஷயத்தைச் சொல்லிவிடுவோமா என்று ஒரு கணம் யோசித்தேன். சொல்லவில்லை, இன்றுவரைக்கும் சொல்லவில்லை. அவர் டிரைவர் பக்கக் கதவைத் திறந்து குனிந்தார். சீற்றைப் பின்னுக்குத் தள்ளக் கையை அடியில் விட்டார். தள்ளவில்லை. பிறகு கையை எடுத்துக்கொண்டு நிமிர்ந்து, கதவைச் சாத்தினார்.

"அப்பிடியே இருக்கட்டும்," என்றார்.

திங்கட்கிழமை காலை ஐந்தே முக்காலுக்கு நான் ஏறி இருந்தபோது சீற் நான் விட்ட இடத்திலேயே இருந்தது.