எஸ்தர் கட்டிய மெட்டு

ஆம்பூர்ப் பக்கத்தில் சாக்ஸபோன் ஊதுகிறவனுக்குக் கல்யாண சீசனில் 'மாஸ்டர்' என்று பேர். மற்ற மாதங்களில் 'இன்னா, சும்மாதான் கீறியா?' என்று பேர். ஆர்கெஸ்ட்ராவில் குப்பை கொட்டும் சகாக்களே, ஒரே ஒரு பாட்டுக்கு நடந்ததைச் சொல்கிறேன். உங்களுக்குப் புரியும்.

முதல் தடவை

எஸ்தர், ஷூ கம்பெனியில் தையல் செக்‌ஷன். அவள் புருஷன் தோல் பதனிடும் ஷாப்பில் வேலை பார்த்தவன். ஒருநாள் வேலை நடுவிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தவன், அங்கேயே போய்விட்டான். சேதி தெரியாமல் இவள் தெருமுனையில், வேலை முடிந்தவர்களை இறக்கிவிடும் ஷாப் வேனுக்குக் காத்திருந்தாள். அதை வைத்து அவளே ஒரு பாட்டுக் கட்டினாள். 'எல்லாரும் எறங்கியாச்சு, நீ இன்னும் எறங்கலையே' என்று ஆரம்பிக்கும்.

கம்பெனி ஆயுத பூஜையில் நாங்கள் வாசிக்க, அவள் பாடினாள். தையல் செக்‌ஷன் பெண்கள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். சரணத்துக்கு முன்னால் நான் ஊத வேண்டிய இடத்தை விட்டுவிட்டேன். யாரோ போனில் எடுத்துப் போட, பாட்டு மேல்விஷாரம் வரைக்கும் போய்விட்டது. எங்கள் ட்ரூப் முதலாளி ஜமீல் பாய் கண்ணைத் துடைத்துக்கொண்டே சொன்னார்:

"இனிமே எல்லா புரோக்ராம்லயும் நீ இதைப் பாடணும்மா."

கல்யாண வீடு

அடுத்தது பேரணாம்பட்டில் ஒரு ரிசப்ஷன். எஸ்தர் மைக்கைப் பிடித்ததும் கல்யாணப் பெண்ணின் அப்பா மேடைக்கே ஏறி வந்துவிட்டார். "மெட்டு நல்லாக்கீது பாய். கல்யாண வூட்ல இந்த வார்த்தையெல்லாம் எதுக்கு? மியூசிக் மட்டும் வுடுங்க" என்றார். எஸ்தர் மைக்கை வைத்துவிட்டு ஓரமாகப் போய் நின்றாள். நான் ஊதினேன்.

அதற்கப்புறம் எல்லாருமே அப்படித்தான் கேட்டார்கள். டிரம்மர் வேகத்தைக் கூட்டினார். மாப்பிள்ளை ஊர்வலத்தில் ஆடுகிற பாட்டாகிவிட்டது அது. எஸ்தர் கொஞ்ச நாள் எங்களோடு வந்து வண்டியிலேயே உட்கார்ந்திருந்தாள். பிறகு வருவதை நிறுத்திவிட்டாள். வாணியம்பாடியில் மாப்பிள்ளைத் தோழன் ஒருவன் வேர்க்க விறுவிறுக்க வந்து கேட்டான்:

"தோஸ்த், இதுக்கு வார்த்தைகூட கீதா இன்னா?"

கோட்டு போட்டவர்கள் முன்னால்

வேலூர் ஹோட்டல் ஒன்றில் ஷூ வாங்க வந்த வெளிநாட்டுப் பையர்களுக்கு விருந்து. பியானோவுக்குச் சென்னையிலிருந்து ஜாஸ் வாசிக்கிற ஒருவர் வந்திருந்தார். நான் சும்மா ஊதிப் பார்த்ததைக் கேட்டுவிட்டு, "இதையே எடுப்போம்" என்றார். மெதுவாக ஆரம்பித்தார். மெட்டை வளைத்தார், உடைத்தார், எங்கெங்கோ போய்த் திரும்பி வந்தார். பொய் சொல்லக் கூடாது, பிரமாதம். ஆயுத பூஜைக்குப் பிறகு அந்த மெட்டில் துக்கம் இருந்தது அன்றைக்குத்தான்.

நிகழ்ச்சி நடத்துகிறவரிடம் எஸ்தர் பேரை முதலிலேயே சொல்லியிருந்தேன். அவரோ, 'வட ஆற்காட்டுப் பழைய நாட்டுப்புற மெட்டு' என்று அறிவித்துவிட்டார். போய்ச் சண்டை பிடித்தேன். தோளில் தட்டிச் சொன்னார்:

"நாட்டுப்புறம்னு சொல்லிட்டா யாரும் கேள்வி கேக்க மாட்டாங்க சார்."

ஒரிஜினல்

அந்த ஜாஸ் வாசிப்பு இன்டர்நெட்டில் ஏறியது. பெங்களூரில் ஒருவர் வயலினில், எங்கோ ஒருவர் கிடாரில் என்று ஆளாளுக்கு வாசித்தார்கள். ஒரு கல்லூரி விழாவில் மாணவர்கள் அதை வாசிக்கச் சொன்னபோது, இந்த ஒரு தடவையாவது அவள் பாடிய மாதிரியே இருக்கட்டும் என்று, எந்த அலங்காரமும் இல்லாமல் ஊதினேன். முன்வரிசைப் பெண் ஒருத்தி முடிந்ததும் மரியாதையாகத்தான் சொன்னாள்:

"அங்கிள், தப்பா வாசிச்சிட்டீங்க. ஒரிஜினல் இப்படி இருக்காது."

நினைவு நாள்

போன மாதம் எஸ்தர் கூப்பிட்டாள். புருஷனுடைய நினைவு நாள் ஜெபம். "நீங்க ஊதுங்கண்ணே, நான் பாடுறேன்." வீட்டில் பத்துப் பதினைந்து பேர்தான். மெதுவாக எடுத்துக் கொடுத்தேன். முதல் வரியைப் பாடினாள். உட்கார்ந்திருந்தவர்கள் தெரிந்த மெட்டு என்று தலையாட்ட ஆரம்பித்தார்கள். ஒருவர் தொடையில் தாளம் போட்டார். வாசலில் பிள்ளைகள் குதித்தார்கள்.

எஸ்தர் சரணத்துக்கு வந்தாள். வாயைத் திறந்தாள், மூடினாள். நான் திரும்ப எடுத்துக் கொடுத்தேன். மறுபடியும் எடுத்துக் கொடுத்தேன். புருஷன் படத்தைப் பார்த்தபடி நின்றவள், என் பக்கம் திரும்பினாள்.

"அந்த டான்ஸ் ஸ்பீடுதாண்ணே காதுல நிக்குது. வார்த்தை வரமாட்டேங்குது."

ஆக, எங்கள் தொழிலில் ஒரு பாட்டு ஹிட்டாகிவிட்டால் அதை யார் வேண்டுமானாலும் வாசிக்கலாம், யாரும் அழ மட்டும் கூடாது.